கோர்ட்டைக் கிராமத்துக்குக் கொண்டுவந்த மன்றோ துரை

சென்னைக்கு வந்தவர்கள் தீவுத்திடல் பக்கம் போகும்போது ஒரு குதிரைச் சிலையைப் பார்த்திருப்பார்கள். குதிரையின் மேல் ஒரு வெள்ளைக்காரத் துரை நிமிர்ந்து உட்கார்ந்திருக்கிறார். குதிரைக்குச் சேணம் இல்லை. கால் வைக்க அங்கவடியும் இல்லை. சிற்பி மறந்துவிட்டார் என்று ஊரில் ஒரு கதை உண்டு. சிலையைச் செய்தவர் இங்கிலாந்தில் பெரும் புகழ் பெற்ற சிற்பி சான்ட்ரி. சிலை சென்னையில் நிறுவப்பட்டது 1839-இல்.

அந்தத் துரைதான் சர் தாமஸ் மன்றோ. சென்னை ராஜதானியின் கவர்னராக இருந்தவர். குடியானவனிடம் நேராக நிலவரி வாங்கும் ரயத்துவாரி முறையை வளர்த்தவர் என்று பள்ளிக்கூடப் புத்தகத்தில் படித்திருப்போம். அவர் செய்த இன்னொரு காரியம் அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. கோர்ட்டுக்குப் போன ஏழை தன் ஆயுளுக்குள் தீர்ப்பைக் கேட்க வேண்டும் என்பதற்காக அவர் போராடினார். அதுவும் வெளியாரோடு அல்ல. தம் சொந்த அரசாங்கத்தோடும், அதன் மேல் கோர்ட்டோடும் போராடினார். அந்தக் கதையைத்தான் இங்கே சொல்லப்போகிறோம்.

துணியைப் பறிகொடுத்த சிப்பாய்

மன்றோ 1761-ஆம் ஆண்டு மே மாதம் 27-ஆம் தேதி ஸ்காட்லாந்தில் உள்ள கிளாஸ்கோ நகரில் பிறந்தார். தகப்பனார் அலெக்சாண்டர் மன்றோ ஒரு வியாபாரி. அமெரிக்காவில் வர்ஜீனியா என்ற இடத்திலிருந்து வரும் புகையிலையில் அவருடைய பணமெல்லாம் முடங்கியிருந்தது. அமெரிக்கர்கள் இங்கிலாந்தை எதிர்த்துச் சுதந்திரப் போர் தொடங்கியதும் அந்த வியாபாரம் நொடித்துப் போயிற்று. செல்வமாக இருந்த குடும்பம் சில ஆண்டுகளில் கஷ்ட நிலைக்கு வந்தது.

தாமஸ் பதின்மூன்றாம் வயதிலேயே பல்கலைக்கழகத்தில் சேர்ந்து படித்தவர். பிறகு ஒரு வியாபாரக் கம்பெனியில் குமாஸ்தா வேலை பார்த்தார். தகப்பனார் நொடித்ததும் கிழக்கிந்தியக் கம்பெனியின் காலாட்படையில் சேர்ந்து கப்பலேறினார். 1780 ஜனவரியில் சென்னையில் கால் வைத்தபோது அவருக்கு வயது பதினெட்டு.

இறங்கிய உடனே ஒரு வேடிக்கை நடந்தது. மரியாதையான தோற்றமுடைய ஒரு பெரியவர் வந்து வேலைக்காரராகச் சேர்ந்தார். சீமையிலிருந்து கொண்டுவந்த துணிகள் இந்த ஊர் வெயிலுக்கு உதவா என்று சொல்லி, வேறு துணிமணியும் சாமான்களும் வாங்கி வருவதாகப் பணத்தையும் வாங்கிக்கொண்டு, துணிகளையும் மூட்டை கட்டிக்கொண்டு போனார். போனவர் போனவர்தான். உடுத்திய உடுப்போடு நின்றார் இளம் மன்றோ. யாரிடம் போய்ப் பிராது கொடுப்பது? பாஷையும் தெரியாது, ஊரும் தெரியாது. முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு இந்நாட்டுக் குடியானவனும் கோர்ட்டு வாசலில் அப்படித்தான் விழித்துக்கொண்டு நின்றான் என்பதை நினைத்தால் இந்தச் சின்னக் கதைக்கும் ஒரு பொருள் இருக்கிறது.

சில மாதங்களில் ஹைதர் அலியோடு யுத்தம் மூண்டது. மன்றோ நான்கு ஆண்டுகள் போர்க்களங்களில் திரிந்தார். சம்பளம் சொற்பம். அதிலும் வீட்டுக்குப் பணம் அனுப்பினார். தலையணை கூட இல்லாமல் புத்தகத்தையோ தோட்டாப் பையையோ தலைக்கு வைத்துப் படுப்பதாகச் சகோதரிக்கு வேடிக்கையாக எழுதினார். கிடைத்த நேரத்தில் பாரசீகமும் இந்துஸ்தானியும் கற்றார். அந்தப் படிப்புத்தான் அவர் வாழ்க்கையைத் திருப்பியது.

மரத்தடியில் ஒரு பள்ளிக்கூடம்

1792-இல் திப்பு சுல்தானோடு நடந்த யுத்தம் முடிந்தது. பாராமகால் கம்பெனி வசம் வந்தது. இன்றைய சேலம், தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பகுதிகள்தான் அன்றைய பாராமகால் பக்கத்துச் சீமை. கம்பெனியின் சிவில் உத்தியோகஸ்தர்களில் மக்கள் பாஷை தெரிந்தவர்கள் குறைவு. ஆகவே கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸ் பாஷை தெரிந்த ராணுவ அதிகாரிகளையே அங்கே அனுப்பினார். அலெக்சாண்டர் ரீட் தலைவர். அவருக்குக் கீழ் இருந்த உதவி அதிகாரிகளில் ஒருவர் மன்றோ.

ஏழு ஆண்டுகள் அவர் அங்கே இருந்தார். தர்மபுரியில் ஒரு வீடும் தோட்டமும் போட்டுக்கொண்டார். அந்தத் தோட்டத்தின் மேல் அவருக்கு இருந்த ஆசை கடைசி வரை தீரவில்லை. ஆனால் வீட்டில் இருந்த நாளைவிடக் கூடாரத்தில் இருந்த நாளே அதிகம். ஊர் ஊராகப் போவார். மரத்தடியில் உட்காருவார். காலையிலிருந்து இருட்டும் வரை குடியானவர்கள் சூழ்ந்து நிற்பார்கள். கிணறு வற்றிய கதை, மாடு செத்த கதை, அண்ணன் தம்பி பாகத் தகராறு, வாங்கிய கடனைத் திருப்பித் தராத பங்காளியின் கதை என்று எல்லாம் அவர் முன்னால் வந்து விழும். மன்றோவுக்குக் காது கொஞ்சம் மந்தம். ஆனாலும் கேட்டார்.

அங்கே அவர் ஒன்றைக் கண்டார். ஊரில் நடந்த விஷயம் ஊராருக்குத் தெரியும். யார் கடன் வாங்கினான், எந்த வரப்பை யார் தள்ளிப் போட்டான், எவன் பொய் சொல்லுவான் என்பதெல்லாம் பக்கத்து வீட்டுக்காரனுக்குத் தெரியும். அதே விஷயத்தைப் பத்து நாள் நடைக்கு அப்பால் கொண்டுபோய் வைத்தால் யாருக்கும் தெரியாது. அங்கே எழுதி வைத்த காகிதம் மட்டுமே பேசும். காகிதத்தைப் பேச வைப்பவன் பணம் வைத்திருப்பவன்.

1799-இல் கன்னட ஜில்லா, 1800 முதல் 1807 வரை பல்லாரி, அனந்தப்பூர், கடப்பை, கர்நூல் அடங்கிய பெரும் சீமை என்று அவருடைய வேலை விரிந்தது. நிஜாம் கம்பெனிக்கு விட்டுக்கொடுத்த சீமை அது. எண்பது பாளையக்காரர்கள் அங்கே அதிகாரம் செலுத்தி வந்தார்கள். மன்றோ அவர்களை அடக்கி வரி வசூல் செய்தார்.

இங்கே ஒரு உண்மையை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். மன்றோ தர்மம் செய்ய வந்தவர் அல்ல. கம்பெனிக்கு வரி வாங்க வந்தவர். அந்த வரி மிகவும் கடுமையாகத்தான் இருந்தது. அது அவருக்கே தெரிந்திருந்தது. 1807-இல் அந்தச் சீமையை விட்டுப் போகும்போது நிலவரியில் நூற்றுக்கு 25 குறைக்க வேண்டும் என்று எழுதி வைத்துவிட்டுப் போனார். மேலிடம் அப்போது அதைக் கேட்கவில்லை.

பத்து ரூபாய்க்கு நூறு மைல்

இனி அந்தக் காலத்துக் கோர்ட்டு எப்படி இருந்தது என்று பார்ப்போம்.

காரன்வாலிஸ் 1793-இல் வங்காளத்தில் ஒரு புதிய கோர்ட்டு முறையை ஏற்படுத்தினார். 1802-இல் அது சென்னை ராஜதானிக்கும் வந்தது. ஜில்லாவுக்கு ஒரு கோர்ட்டு. அதில் ஒரு ஆங்கில ஜட்ஜ். அதற்கு மேல் மசூலிப்பட்டினம், சித்தூர், திருச்சிராப்பள்ளி, தலைச்சேரி ஆகிய நான்கு ஊர்களில் மாகாண அப்பீல் கோர்ட்டுகள். எல்லாவற்றுக்கும் மேலே சென்னையில் சதர் அதாலத் என்ற தலைமைக் கோர்ட்டு. அதற்கும் மேலே போகப் பணம் உள்ளவன் லண்டனில் ராஜாவின் ஆலோசனைச் சபைக்கே போகலாம்.

நோக்கம் நல்ல நோக்கந்தான். கலெக்டர் அநியாயம் செய்தால் கலெக்டர் மேலேயே வழக்குப் போடலாம் என்றார்கள். சட்டத்துக்கு முன் பெரியவனும் சிறியவனும் ஒன்று என்றார்கள். காகிதத்தில் படிக்க நன்றாகத்தான் இருந்தது.

நடைமுறையில் நடந்தது வேறு. ஒரு ஜில்லா என்பது பல லட்சம் ஜனங்கள். அவ்வளவு பேருக்கும் ஒரே ஜட்ஜ். சிவில் வழக்கு மட்டுமல்ல, போலீஸ் வேலையும் அவர் தலையில்தான். திருடனைப் பிடிக்கும் வேலை அவசரம். கடன் வழக்கு காத்திருக்கலாம். ஆகவே கடன் வழக்கு காத்திருந்தது. சிறு தொகை வழக்குகளைப் பார்க்க உள்ளூர் ஆட்களைச் சில இடங்களில் கமிஷனர்களாக வைத்திருந்தார்கள். ஆனால் அவர்கள் அதிகாரம் மிகச் சிறியது.

விசாரணை முறையோ இன்னும் மெதுவானது. வாதி ஒரு பிராது எழுதிக் கொடுக்க வேண்டும். பிரதிவாதி பதில் எழுத வேண்டும். அந்தப் பதிலுக்கு வாதி மறுப்பு எழுத வேண்டும். அந்த மறுப்புக்குப் பிரதிவாதி இன்னொரு மறுப்பு எழுத வேண்டும். ஒவ்வொரு சாட்சியும் சொல்வதை வார்த்தை வார்த்தையாக எழுத வேண்டும். சாட்சி பேசுவது தமிழ் அல்லது தெலுங்கு. ஜட்ஜுக்குத் தெரிந்தது பெரும்பாலும் ஆங்கிலம். நடுவில் குமாஸ்தாக்கள். அவர்கள் எழுதியதே வாக்குமூலம்.

பத்து ரூபாய் கடனுக்காக ஒரு குடியானவன் வழக்குப் போடுகிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். அன்றைக்குப் பத்து ரூபாய் சின்னத் தொகை அல்ல. ஏழைக்கு அது ஒரு உழவு மாடு. கடன்காரனும் அவனும் ஒரே தெருவில் குடியிருக்கிறார்கள். ஆனால் கோர்ட்டு நூறு மைலுக்கு அப்பால். கட்டுச்சோறு கட்டிக்கொண்டு, சாட்சிகளையும் கூட்டிக்கொண்டு நடக்க வேண்டும். சத்திரத்தில் தங்க வேண்டும். சாட்சிகளுக்குச் சோறு போட வேண்டும். கோர்ட்டுக் கட்டணம், வக்கீல் கூலி, முத்திரைக் காகிதம் என்று செலவு ஏறும். அதற்குள் விதைக்கும் காலம் வந்துவிடும். வீட்டுக்குத் திரும்பி விதைத்தால் வாய்தா தவறும். வாய்தாவுக்கு நின்றால் வயல் தரிசாகும். கெட்டிக்காரக் கடன்காரனுக்கு இது நன்றாகத் தெரியும். அவன் வழக்கில் ஜெயிக்க வேண்டியதில்லை. இழுத்தடித்தால் போதும்.

வங்காளத்தில் நிலைமை இன்னும் மோசம். பர்த்வான் ஜில்லாவில் ஒரே ஜட்ஜின் முன்னால் 30,000-க்கும் மேற்பட்ட வழக்குகள் குவிந்து கிடந்தன. அங்கே வழக்குப் போட்டவன் மனித ஆயுளுக்குள் தீர்ப்பை எதிர்பார்க்க முடியாது என்று 1812-இல் இங்கிலாந்துப் பார்லிமெண்டுக்கு வந்த ஐந்தாவது அறிக்கை சொல்லிற்று.

இதற்கு அரசாங்கம் கண்டுபிடித்த வைத்தியம் என்ன தெரியுமா? 1795-இல் வழக்குகளுக்குக் கட்டணம் போட்டார்கள். புது வழக்குகளுக்கு மட்டுமல்ல, ஏற்கெனவே காத்துக் கிடந்த வழக்குகளுக்கும் போட்டார்கள். குறித்த நாளுக்குள் பணம் கட்டாத வழக்கு தள்ளுபடி. பணம் கட்ட முடியாதவன், செய்தியே தெரியாதவன் ஆகியோரின் வழக்குகள் மூட்டை மூட்டையாகத் தள்ளுபடி ஆயின. கணக்கில் நிலுவை குறைந்தது. நோயாளிகளை வெளியே துரத்திவிட்டு ஆஸ்பத்திரியில் நோய் குறைந்தது என்று எழுதுவது போலத்தான் இது.

சென்னைச் சதர் அதாலத்துக்கும் கீழ்க் கோர்ட்டுகளின் நிலுவைக் கணக்கு வந்துகொண்டே இருந்தது. கணக்குக் கேட்கலாம், ஜட்ஜைக் கண்டிக்கலாம். ஆனால் இருந்த ஜட்ஜுகளோ சிலர். அவர்களைக் கண்டித்தால் ஒரு நாளைக்கு இரண்டு பகல் வந்துவிடுமா?

லண்டனில் ஒரு சாட்சி

1807-இல் மன்றோ சொந்த ஊர் போனார். இருபத்தேழு ஆண்டுகளுக்குப் பிறகு போன அவருக்கு ஊரும் மாறியிருந்தது, தாமும் மாறியிருந்தார்.

கம்பெனியின் சாசனத்தைப் புதுப்பிக்கும் விவாதம் 1813-இல் பார்லிமெண்டில் நடந்தபோது அவரைச் சாட்சியாக அழைத்தார்கள். சீமைச் சரக்கு இந்தியாவில் நிறைய விற்குமா என்று கேட்டவர்களுக்கு அவர் சொன்ன பதில் பிடிக்கவில்லை. ஒரே இந்தியச் சால்வையை ஏழு ஆண்டு உபயோகித்தும் அது நைந்துபோகவில்லை என்றும், சீமைச் சால்வையைச் சும்மா கொடுத்தாலும் போர்த்த மாட்டேன் என்றும் சாட்சி சொன்னார்.

கோர்ட்டு விஷயத்திலும் அவருடைய அபிப்பிராயத்தைக் கேட்டார்கள். அவர் சொன்னதன் சுருக்கம் இதுதான். ஆங்கில ஜட்ஜுகளை இரட்டிப்பாக்கினாலும் போதாது. அவ்வளவு சம்பளம் கொடுக்கக் கம்பெனியாலும் முடியாது. அவர்கள் எவ்வளவு யோக்கியர்களாக இருந்தாலும் பாஷையும் பழக்கமும் தெரியாமல் பொய்ச் சாட்சியைக் கண்டுபிடிக்க முடியாது. இந்த நாட்டு வழக்கை இந்த நாட்டு ஆளே விசாரிக்க வேண்டும். கோர்ட்டு வழக்காளியைத் தேடிப் போக வேண்டும்.

இப்படிச் சொன்னது சாதாரண விஷயம் அல்ல. இந்தியர்கள் லஞ்சம் வாங்குவார்கள், நம்ப முடியாது என்று சொல்லிப் பெரிய உத்தியோகங்களிலிருந்து காரன்வாலிஸ் அவர்களை ஒதுக்கி வைத்திருந்தார். இருபது வருஷமாக அதுவே வேதவாக்காக இருந்தது. சொற்பச் சம்பளம் கொடுத்து, மரியாதையும் கொடுக்காமல் வைத்தால் எந்த நாட்டானும் கெடத்தான் செய்வான் என்பது மன்றோவின் வாதம்.

கம்பெனியின் டைரக்டர்கள் கடைசியில் இசைந்தார்கள். 1814-இல் கோர்ட்டுச் சீர்திருத்தத்துக்கு ஒரு கமிஷன் அமைத்து மன்றோவை அதற்குத் தலைவராக்கிச் சென்னைக்கு அனுப்பினார்கள். அதே ஆண்டுதான் அவருக்குக் கல்யாணமும் ஆயிற்று. மணமகள் ஜேன் காம்பெல். மாப்பிள்ளைக்கு வயது ஐம்பத்திரண்டு.

இரண்டு வருஷ இழுபறி

சென்னையில் வந்து இறங்கினால் வரவேற்பு சரியாக இல்லை. கோர்ட்டுத் தாமதத்தைத் தீர்க்க வந்த கமிஷனையே தாமதப்படுத்தினார்கள்! காகிதம் கேட்டால் காகிதம் வராது. யோசனை சொன்னால் ஆட்சேபம் வரும். ஆட்சேபத்துக்குப் பதில் எழுதினால் அதற்கு ஒரு மறுப்பு வரும். வாதி, பிரதிவாதி கதையே மறுபடியும் நடந்தது. சதர் அதாலத்தைச் சேர்ந்த ஜார்ஜ் ஸ்டிராட்டன் என்பவர் கமிஷனில் மன்றோவுக்குத் துணையாக இருந்தார். கவுன்சிலிலும் கோர்ட்டுகளிலும் இருந்த மற்றவர்களில் பலர் எதிர்ப்பு.

எதிர்த்தவர்களை வெறும் பிடிவாதக்காரர்கள் என்று தள்ளிவிடக் கூடாது. அவர்கள் கேட்ட கேள்வியில் நியாயம் இருந்தது. கிராமத்துப் பெரியதனக்காரன் கையில் தீர்ப்புச் சொல்லும் அதிகாரத்தைக் கொடுத்தால், அவன் தன் சொந்தக்காரனுக்குச் சாதகமாகத்தானே சொல்லுவான்? அவனுக்குப் பயந்து வாழ்கிறவன் அவன் மேலேயே பிராது கொடுக்க முடியுமா? ஊருக்கு ஊர் சாதிக் கட்டுப்பாடு இறுகிக் கிடந்த காலம் அது. சேரியில் வாழ்ந்த தாழ்த்தப்பட்ட கூலியாளுக்கு ஊர்ச் சாவடியில் உட்கார இடம் கிடையாது. அவனுக்கு அங்கே நியாயம் எங்கிருந்து கிடைக்கும்? மன்றோ கிராமத்தை நம்பினார். அந்தக் கிராமத்துக்குள் எத்தனை சுவர்கள் இருந்தன என்பதை அவர் போதிய அளவு எடை போடவில்லை என்றே நமக்குத் தோன்றுகிறது.

கடைசியில் லண்டனிலிருந்து கண்டிப்பான உத்தரவு வந்தது. 1816-இல் புதிய சட்டங்கள் பிறந்தன.

கிராமத் தலைவன் கிராம முன்சீப் ஆனான். பத்து ரூபாய் வரையுள்ள கடன், சாமான் வழக்குகளை அவனே விசாரித்துத் தீர்க்கலாம். முத்திரைக் காகிதம் வேண்டாம். இரு கட்சியும் சம்மதித்தால் ஊர்ப் பஞ்சாயத்துக் கூடி எவ்வளவு பெரிய தொகைக்கும் தீர்ப்புச் சொல்லலாம். இவற்றுக்கு மேலே ஜில்லா முன்சீப் என்ற புதிய உத்தியோகம் வந்தது. ஒவ்வொரு ஜில்லாவிலும் பல ஊர்களில் முன்சீப்புகளை வைத்தார்கள். 200 ரூபாய் வரையுள்ள வழக்குகள் அவர்களுடையவை. அவர்கள் எல்லோரும் இந்நாட்டு மனிதர்கள். போலீஸ் வேலை ஜட்ஜின் தலையிலிருந்து இறங்கிக் கலெக்டரிடம் போயிற்று. ஜட்ஜுக்கு இனி வழக்கை விசாரிக்கப் பொழுது கிடைக்கும்.

வரி வாங்குகிற கலெக்டரிடமே போலீஸ், மாஜிஸ்திரேட் அதிகாரத்தையும் கொடுத்தது சரியா என்ற சண்டை அப்போதே கிளம்பிற்று. நூறு ஆண்டுகளுக்கு மேல் அந்தச் சண்டை ஓயவில்லை. சுதந்திரம் வந்த பிறகுதான் இரண்டையும் பிரித்தார்கள்.

எதிர்பார்த்தது ஒன்று, நடந்தது ஒன்று

மன்றோவுக்கு அதிக ஆசை பஞ்சாயத்தின் மேல். ஆனால் ஜனங்கள் பஞ்சாயத்தைத் தேடி வரவில்லை!

காரணம் இல்லாமல் இல்லை. பஞ்சாயத்தார்களுக்குச் சம்பளம் கிடையாது. சொந்த வேலையை விட்டுவிட்டு உட்கார வேண்டும். தோற்றவன் லஞ்சம் வாங்கினார்கள் என்று ஜில்லாக் கோர்ட்டில் பிராது கொடுத்தால் அங்கே போய் நிற்க வேண்டும். இந்தத் தொல்லை யாருக்கு வேண்டும்? பழைய காலத்தில் ஊர்க் கட்டுப்பாட்டால் நடந்த பஞ்சாயத்து வேறு. சட்டம் போட்டு, எழுத்து வேலையும் பொறுப்பும் சுமத்திய பஞ்சாயத்து வேறு.

கிராம முன்சீப்பிடமும் நினைத்த அளவு வழக்குகள் போகவில்லை. ஜனங்கள் திரண்டு போனது ஜில்லா முன்சீப்பிடம். ஏன்? அவர் பக்கத்தில் இருந்தார். ஆனால் பக்கத்து வீட்டில் இல்லை. பாஷை தெரிந்தவர், ஆனால் பங்காளி அல்ல. சம்பளம் வாங்கினார், அப்பீல் கோர்ட்டுக்குப் பயந்தார். ஏழைக்கு வேண்டியிருந்தது அப்படிப்பட்ட ஒரு ஆள். எதிர்த்தவர்களின் பயமும் மன்றோவின் நம்பிக்கையும் இரண்டும் கலந்த இடத்தில்தான் ஜனங்கள் போய் நின்றார்கள் என்று சொல்லலாம்.

சில ஆண்டுகளுக்குள் ராஜதானியின் சிவில் வழக்குகளில் பெரும் பகுதியைத் தீர்த்தவர்கள் இந்த முன்சீப்புகளே. அவர்களுடைய வரம்பு 200 ரூபாயிலிருந்து படிப்படியாக உயர்ந்தது. 1873-ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது 2,500 ரூபாய் ஆயிற்று.

வழக்குகள் தேங்குவது அடியோடு நின்றுவிட்டது என்று யாரும் எண்ண வேண்டாம். கோர்ட்டுப் பக்கத்தில் வந்ததும் வழக்குகளும் பெருகின. அது வேறு கதை.

கூடாரத்தில் முடிந்த வாழ்க்கை

1817-இல் மராட்டியப் போர் வந்தது. மன்றோ மறுபடியும் வாளை எடுத்தார். 1819-இல் சீமைக்குப் போனவரை சர் பட்டம் கொடுத்து, கவர்னராக்கித் திருப்பி அனுப்பினார்கள். 1820 ஜூன் மாதம் அவர் சென்னையில் பதவி ஏற்றார். நாற்பது ஆண்டுகளுக்கு முன் உடுத்த துணியோடு நின்ற அதே கடற்கரை.

கவர்னரான பிறகும் அவர் பழைய எண்ணத்தை விடவில்லை. இந்தியர்களுக்குச் சின்ன உத்தியோகம் மட்டும் கொடுத்துவிட்டு அவர்கள் உயரவில்லை என்று குறை சொல்லுவது அநியாயம் என்று 1824 டிசம்பர் 31-இல் ஒரு நீண்ட குறிப்பு எழுதினார். என்றாவது ஒரு நாள் இந்த நாட்டை இந்த நாட்டாரிடமே ஒப்படைத்துவிட்டுப் போக வேண்டி வரும் என்றும், அதற்கு அவர்களைத் தகுதியாக்குவதே கடமை என்றும் அதில் எழுதியிருந்தார். ஒரு வெள்ளைக்காரக் கவர்னர் 1824-இல் இப்படி எழுதினார் என்றால் இன்றைக்கும் ஆச்சரியமாகத்தான் இருக்கிறது. முன்சீப்புக்கு மேலே உள்ளூர் ஜட்ஜ் என்ற பதவியை ஏற்படுத்தும் சட்டம் அவர் ஆட்சியின் கடைசி ஆண்டான 1827-இல் வந்தது.

அதற்குள் அவர் களைத்துப் போயிருந்தார். 1826-இல் இளைய மகனுக்கு உடம்பு சரியில்லாமல் போனதால் மனைவி குழந்தையோடு கப்பலேறினார். பெரிய பங்களா வெறிச்சோடிற்று. தமக்குப் பதிலாக ஆளை அனுப்பும்படி ஏற்கெனவே எழுதியிருந்தார். பர்மா யுத்தத்தால் அது தள்ளிப்போயிற்று. புதிய கவர்னர் வருமுன் பழைய சீமையை ஒரு முறை பார்த்துவிட்டு வரலாம் என்று 1827 கோடையில் கிளம்பினார். கடப்பை, பல்லாரிப் பக்கத்து ஊர்கள். அங்கே அவரைத் தெரிந்த கிழவர்கள் இன்னும் இருந்தார்கள். பிள்ளைகளுக்கு அவர் பெயரைச் சேர்த்து மன்றோலப்பா என்று வைத்த குடும்பங்களும் அந்தச் சீமையில் உண்டு.

கூட வந்த முகாமில் காலரா பரவிற்று. ஜூலை 6-ஆம் தேதி கர்நூலுக்கு அடுத்த பத்திகொண்டாவில் காலையில் அவரையும் அது பிடித்தது. தம் பக்கத்தில் இருந்து நோயை வாங்கிக்கொள்ள வேண்டாம் என்று மற்றவர்களைக் கூடாரத்தை விட்டுப் போகச் சொன்னார். இரவு உயிர் பிரிந்தது. வயது அறுபத்தாறு. கூத்தியில் அடக்கம் செய்தார்கள். 1831-இல் சென்னைக் கோட்டைக்குள் இருக்கும் செயிண்ட் மேரி கோயிலுக்கு உடலைக் கொண்டுவந்தார்கள்.

பிறகு நடந்தவை

சதர் அதாலத் 1862-இல் மறைந்து, அதன் இடத்தில் சென்னை ஹைகோர்ட்டு வந்தது. கீழ்க் கோர்ட்டுகளிடம் கணக்குக் கேட்கவும், அவற்றுக்கு விதி வகுக்கவும் ஹைகோர்ட்டுக்குச் சட்டமே அதிகாரம் கொடுத்தது. சுதந்திர இந்தியாவின் அரசியல் சட்டத்திலும் 227-ஆவது பிரிவில் அந்த மேற்பார்வை அதிகாரம் இருக்கிறது. பல ஆண்டு தூங்கிய சிவில் வழக்கை இத்தனை மாதத்துக்குள் முடி என்று கீழ்க் கோர்ட்டுக்கு ஹைகோர்ட்டு உத்தரவிடும் செய்தியை இன்றும் படிக்கிறோமே, அந்த உத்தரவுகள் பெரும்பாலும் இந்தப் பிரிவின் கீழ்தான் பிறக்கின்றன.

கிராம முன்சீப் வெகு காலம் இருந்தார். நம் தாத்தா பாட்டிகளுக்கு அவர் வரி வசூலிக்கும் மணியக்காரர். வழக்குத் தீர்த்த பழைய கதை மறந்து, பெயர் மட்டும் நின்றது. 1980-இல் தமிழ்நாடு அரசு முன்சீப், கர்ணம் பதவிகளை ஒழித்து, கிராம நிர்வாக அதிகாரியை வைத்தது.

ஜில்லா முன்சீப் நாற்காலியிலோ பெரிய மனிதர்கள் உட்கார்ந்தார்கள். தமிழின் முதல் நாவலை எழுதிய வேதநாயகம் பிள்ளை சீர்காழியிலும் மாயூரத்திலும் முன்சீப்பாக இருந்தவர். ஆங்கிலத்தில் இருந்த சதர் கோர்ட்டுத் தீர்ப்புகளைச் சுருக்கித் தமிழில் புத்தகமாக்கியவரும் அவரே.

இன்னொருவர் தஞ்சை ஜில்லாவில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். சிறு பையனாக இருந்தபோது கிராமக் கணக்கு வேலையில் மாதம் ஒரு ரூபாய் சம்பளம் வாங்கியவர். 1856-இல் தரங்கம்பாடி முன்சீப்பாக வந்து உட்கார்ந்தார். பின்னாளில் சென்னை ஹைகோர்ட்டின் முதல் இந்திய ஜட்ஜ் ஆனார். 1893-இல் சில மாதங்கள் தலைமை ஜட்ஜ் ஸ்தானத்திலும் இருந்தார். அவர்தான் சர் டி. முத்துசாமி ஐயர். அவருடைய சிலை ஹைகோர்ட்டுக்குள்ளேயே இருக்கிறது. அங்கிருந்து மன்றோவின் குதிரைச் சிலை அதிக தூரம் இல்லை.